மேரிலாந்தின் கிரீன்பெல்ட் எப்படிப்பட்ட ஊர்? வரலாறு தெரிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்

கேள்வி: புதுக்குடித்தனம்

அனைவருக்கும் வணக்கம். என் கணவருக்கு வாஷிங்டன் பகுதிக்கு வேலை மாற்றலாகியிருப்பதால் மேரிலாந்தில் வீடு தேடிக்கொண்டிருக்கிறோம். லேன்ஹம் சிவா விஷ்ணு கோயிலில் அறிமுகமான ஒரு குடும்பத்தினர், அருகிலேயே இருக்கும் கிரீன்பெல்ட்டையும் பார்த்துவிட்டு முடிவெடுக்கும்படி சொன்னார்கள். சென்ற வாரம் போய்ப் பார்த்தோம். தெளிவதற்குப் பதிலாகக் குழப்பம் கூடியது.

நாங்கள் பார்த்த வீட்டில் சமையலறை வாசலும் குப்பைத்தொட்டியும் துணிக்கொடியும் வண்டி நிறுத்துமிடத்தின் பக்கம் இருந்தன; கூடமோ மறுபுறத்துப் புல்வெளியைப் பார்த்திருந்தது. எது முன்வாசல், எது கொல்லை என்று எங்களுக்குப் பிடிபடவில்லை. விலை சுற்றியுள்ள ஊர்களைவிடக் குறைவாக இருக்கிறது. ஆனால் பணம் கொடுத்து நாம் வாங்குவது கூட்டுறவுச் சங்கத்தின் ஒரு பங்குதான் என்றும், வீடும் நிலமும் சங்கத்தின் பேரிலேயே இருக்கும் என்றும் முகவர் சொன்னார். பட்டா நம் பேரில் இல்லாத வீட்டுக்கு எதற்கு இவ்வளவு பணம் என்று என் மாமனார் கேட்கிறார். ஊரையே அரசாங்கம் கட்டியது என்கிறார்களே, அது எப்படி? அங்குள்ளவர்களின் சுபாவம் எப்படி?

மறுமொழி: நகரமைப்பு மாணவன்

வணக்கம் அம்மா. தாங்கள் முன்வாசலைத் தேடிக் குழம்பியதிலேயே அந்த ஊரின் வரலாறு பாதி அடங்கியிருக்கிறது.

பெருமந்தம் என்ற பொருளாதார வீழ்ச்சிக் காலத்தில், 1935ஆம் ஆண்டு, அதிபர் ரூஸ்வெல்ட்டின் அரசு மீள்குடியேற்ற நிர்வாகம் என்ற அமைப்பை உருவாக்கி, அதற்குத் தலைவராக ரெக்ஸ்ஃபோர்ட் டக்வெல் என்ற பொருளியலாளரை அமர்த்தியது. நெரிசலான நகரங்களுக்கு வெளியே மலிவான நிலத்தை வாங்கி, தோட்டங்களும் காடும் சூழ்ந்த முழு ஊர்களை எழுப்பி, குறைந்த வருமானக் குடும்பங்களை அங்கே குடியேற்றுவது அவருடைய திட்டம். மேரிலாந்தில் கிரீன்பெல்ட், ஒஹாயோவில் கிரீன்ஹில்ஸ், விஸ்கான்சினில் கிரீன்டேல் ஆகிய மூன்று ஊர்கள் எழுந்தன. நியூ ஜெர்சியில் திட்டமிட்ட நான்காவது ஊர் நீதிமன்றத் தடையால் நின்றுபோயிற்று.

புகையிலை பயிரிட்டுப் பயிரிட்டுச் சத்துப்போன நிலத்தைத்தான் கிரீன்பெல்ட்டுக்காக வாங்கினார்கள். வேலையற்றோருக்கு வேலை தருவதும் திட்டத்தின் நோக்கமாக இருந்ததால், இயந்திரத்தால் விரைவில் முடிக்கக்கூடிய பல வேலைகளை ஆட்களை வைத்தே செய்தார்கள். இன்று காலைநடைக்கு எல்லோரும் போகும் ஏரியும் அப்படி உருவானதுதான். செலவு கோடி டாலரைத் தாண்டியது. இது சோஷலிசம் என்று எதிர்க்கட்சியினரும் பல பத்திரிகைகளும் சாடினார்கள். 1937 இலையுதிர் காலத்தில் முதல் குடும்பங்கள் குடிவந்தபோது 574 வரிசை வீடுகளும், 306 அடுக்ககக் குடியிருப்புகளும், ஐந்து தனி வீடுகளுமாக மொத்தம் 885 இருந்தன. போர்க்காலத்தில், 1941இல், பாதுகாப்புத் துறைப் பணியாளர்களுக்காக மேலும் ஆயிரம் மரச்சட்ட வீடுகளை அவசரமாகக் கட்டினார்கள். முகவர் 'ஃபிரேம்' என்று சொல்லும் வீடுகள் இவைதாம். செங்கல் வீடுகளும், தட்டையான கூரையுள்ள சிமெண்ட் கல் வீடுகளும் 1937ஐச் சேர்ந்தவை.

பிறை வடிவ மேட்டில் கிரசன்ட் ரோடும் ரிட்ஜ் ரோடும் வளைந்து செல்ல, அவற்றுக்கு இடையில் பெரிய பெரிய பாத்திகளாக ஊரைப் பிரித்து, ஒவ்வொரு பாத்தியின் உட்புறத்தையும் வண்டி நுழையாத பொதுப் புல்வெளியாக விட்டார்கள். வண்டி வரும் பக்கம் வேலைப்பக்கம், புல்வெளிப் பக்கம் தோட்டப்பக்கம். வீட்டின் முகம் தோட்டப்பக்கம்தான். புல்வெளி நடுவே செல்லும் நடைபாதையில் இறங்கினால், கிரசன்ட் ரோட்டின் அடியில் உள்ள சுரங்க வழியாகக் கடைத்தெரு, திரையரங்கு, நூலகம், நீச்சல்குளம் வரை ஒரு குழந்தை சாலையைக் கடக்காமலே போய்விடலாம். கார் பெருகிக்கொண்டிருந்த நாட்டில் அன்றே இப்படி யோசித்திருக்கிறார்கள். அடுத்த முறை போகும்போது பழைய பள்ளிக் கட்டடத்தையும் பாருங்கள். இப்போது அது சமூக மையம். அமெரிக்க அரசியலமைப்பின் முகவுரையை உழவர்கள், தொழிலாளர்கள், குடும்பங்களின் உருவங்களாக லெனோர் தாமஸ் செதுக்கிய புடைப்புச் சிற்பங்கள் அதன் சுவரில் இருக்கின்றன. கடைத்தெருவின் நடுவிலுள்ள தாயும் சேயும் சிலையும் அவர் வடித்ததே.

மறுமொழி: ஆவணப்பிரியை

மேலே எழுதிய நண்பர் கட்டடங்களை அழகாக விவரித்தார். அந்த வீடுகளில் யாரை விட்டார்கள் என்பதையும் சொல்ல வேண்டும் அல்லவா?

அந்த ஊரைக் கட்டிய தொழிலாளர்களில் கறுப்பினத்தவரும் இருந்தார்கள். குடியேற்றப்பட்டவர்கள் வெள்ளையர் மட்டுமே. கறுப்பினக் குடும்பங்களுக்கென்று பக்கத்தில் ஒரு தனிக் குடியிருப்புப் பகுதி ஆரம்பத் திட்டத்தில் இருந்தது. பிறகு அதுவும் கைவிடப்பட்டது. வெள்ளையரிலும் எல்லோருக்கும் இடம் கிடைக்கவில்லை. வருமானத்துக்கு மேல்வரம்பு, கீழ்வரம்பு இரண்டும் உண்டு. வாஷிங்டன் வட்டாரத்தில் புராட்டஸ்டன்ட், கத்தோலிக்கர், யூதர் எந்த விகிதத்தில் இருந்தார்களோ அதே விகிதத்தில் குடும்பங்களைத் தேர்ந்தெடுத்தார்கள். கணவர் வேலையில் இருந்தால் மனைவி வெளிவேலைக்குப் போகக் கூடாது என்றார்கள். துணிக்கொடியில் உலர்த்திய துணிகளை மாலை 4 மணிக்குள் எடுத்துவிட வேண்டும் என்றுகூட விதி இருந்தது. முன்மாதிரி ஊர் என்றால் முன்மாதிரிக் குடும்பங்களும் வேண்டும் என்று அதிகாரிகள் நினைத்திருப்பார்கள் போலும்!

இப்போதைய நிலைமை வேறு. 2020 கணக்கெடுப்பின்படி ஏறத்தாழ 25 ஆயிரம் பேர் வாழும் ஊரில் சுமார் பாதிப்பேர் கறுப்பினத்தவர். ஆனால் இந்த மாற்றம் பெரும்பாலும் பழைய பிறைக்கு வெளியேதான் நடந்தது. 1960களில் மேற்கே எழுந்த பிரம்மாண்டமான வாடகைக் குடியிருப்பும், அதற்குப் பின் கிழக்கே எழுந்த வரிசை வீட்டுத் தொகுதிகளும் வேறு வேறு ஊர்களைப் போலவே இருக்கின்றன. விரைவுச் சாலைகள் இந்த மூன்று பகுதிகளையும் ஒன்றிலிருந்து மற்றொன்றைப் பிரித்துவிட்டன. கறுப்பின மக்களுக்கும் பூர்வகுடிகளுக்கும் இழைக்கப்பட்ட அநீதிக்கு இழப்பீடு வழங்குவது பற்றி ஆராய ஆணையம் அமைக்கலாமா என்று 2021 நகரசபைத் தேர்தலோடு கேட்கப்பட்ட கேள்விக்குப் பெரும்பான்மையினர் ஆம் என்று வாக்களித்தார்கள். எனவே பழைய கதையை அந்த ஊரார் மூடி மறைக்கிறார்கள் என்று சொல்ல மாட்டேன். தாங்கள் கிரீன்பெல்ட்டைப் பார்த்ததாகச் சொன்னால், மூன்றில் எந்தக் கிரீன்பெல்ட் என்று கேட்கவே எனக்குத் தோன்றுகிறது.

மறுமொழி: ரிட்ஜ் ரோட்டுக்காரன்

நான் பழைய பிறைப் பகுதியில் நெடுங்காலமாக வசிப்பவன். மூன்று ஊர் என்று சகோதரி சொன்னது உண்மை. நகரசபைக் கூட்டங்களில் பாதிச் சண்டை அதைப் பற்றித்தான்.

சுபாவத்தைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். அரசாங்கம் கட்டடங்களைத் தந்தது. மற்றதையெல்லாம் குடிவந்தவர்கள் கூட்டம் போட்டுக் கூட்டம் போட்டு உண்டாக்கினார்கள். குடியேறிய சில வாரங்களிலேயே, 1937 நவம்பரில், ஒரு வாரப் பத்திரிகையைத் தொடங்கிவிட்டார்கள். பெயர் மாறி 'கிரீன்பெல்ட் நியூஸ் ரிவியூ'வாக இன்றும் வந்துகொண்டிருக்கிறது. மளிகைக்கடையும் கூட்டுறவுதான். அந்தப் பழைய சங்கம் வளர்ந்து வட்டாரம் முழுவதும் மரச்சாமான் கடைகள்கூட நடத்தியது. கடைசியில் ஊர்க் கடையை அது கைவிட்டபோது, ஊரார் 1984இல் புதிய சங்கம் ஒன்றைத் தொடங்கிக் கடையைத் தம் கையில் எடுத்துக்கொண்டார்கள்.

இரண்டு நிகழ்ச்சிகளைச் சொன்னால் ஊரின் குணம் தங்களுக்குப் புரியும். கம்யூனிசப் பீதி நாட்டைப் பிடித்து ஆட்டிய 1953ஆம் ஆண்டு, கடற்படை அலுவலகத்தில் பணிபுரிந்த ஏப்ரகாம் சாஸனோ என்ற ஊர்க்காரர் நம்பத்தகாதவர் என்று பணியிடை நீக்கம் செய்யப்பட்டார். குற்றம் சாட்டியவர்கள் யார் என்பதை அவருக்குச் சொல்லவே இல்லை. கூட்டுறவு என்ற சொல்லே சந்தேகத்துக்குரியதாக இருந்த காலம் அது. அக்கம்பக்கத்தார் பலர் அவருக்காகச் சாட்சி சொன்னார்கள். அடுத்த ஆண்டு கடற்படை அவரைக் குற்றமற்றவர் என்று அறிவித்து வேலையைத் திருப்பித் தந்தது. அவர் வழக்கைப் பற்றி எழுதிய செய்தியாளர் அந்தோணி லூயிஸுக்கு 1955இல் புலிட்சர் பரிசு கிடைத்தது.

மற்றொன்று பத்திரிகை வழக்கு. 1960களில் சார்ல்ஸ் பிரெஸ்லர் என்ற கட்டுமான முதலாளி அடர்த்தியான குடியிருப்பு கட்ட நகரசபையிடம் அனுமதி கேட்டார். அதே சமயம் பள்ளிக்கூடத்துக்காக அவருடைய இன்னொரு நிலத்தை நகரசபை கேட்டுக்கொண்டிருந்தது. ஒன்றைத் தந்தால் மற்றொன்று என்று அவர் பேரம் பேசியதை, 'இது மிரட்டிப் பறிப்பது' என்று கூட்டத்தில் சிலர் சொல்ல, பத்திரிகை அப்படியே அச்சிட்டது. அவர் அவதூறு வழக்குத் தொடுத்தார். 17,500 டாலர் தரும்படி கீழ் நீதிமன்றத்தில் தீர்ப்பாயிற்று. தன்னார்வலர்கள் நடத்தும் பத்திரிகைக்கு அது உயிர்போகும் தொகை. ஊரார் நிதி திரட்டி உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். பொது விவாதத்தில் காரசாரமாகச் சொன்ன சொல்லைக் குற்றச்சாட்டாக எடுத்துக்கொள்ள முடியாது என்று 1970இல் அந்தத் தீர்ப்பு மாற்றப்பட்டது. பத்திரிகைச் சுதந்திரம் படிக்கும் சட்ட மாணவர்களுக்கு இது இன்றும் பாடம்.

எனவே அமைதியாக வீட்டுக்குள் இருந்துவிட்டுப் போகலாம் என்று எண்ணி வருபவர்களுக்கு இந்த ஊர் சற்றுச் சிரமம்தான். மரம் ஒன்றை வெட்டுவதற்குக்கூட மூன்று குழுக்கள் கருத்துச் சொல்லும். எனக்கு அது பிடித்திருக்கிறது. என் மனைவிக்கு இன்றுவரை பிடிக்கவில்லை.

கேள்வி கேட்டவர்: புதுக்குடித்தனம்

மூவருக்கும் மிக்க நன்றி. நாங்கள் பார்த்தது பழைய பிறைப் பகுதியில், 1941 மரச்சட்ட வீடு. பங்கு என்ற விஷயத்தை மட்டும் மாமனாருக்குப் புரியும்படி யாராவது விளக்க முடியுமா?

மறுமொழி: கணக்கன்

அரசாங்கம் 1952இல் ஊரை விற்க முடிவு செய்தபோது, முன்னாள் படைவீரர்களை முன்னிறுத்திக் குடியிருப்போரே ஒரு சங்கம் அமைத்து, ஏறத்தாழ 1,600 வீடுகளை மொத்தமாக வாங்கிக்கொண்டார்கள். இன்றைய கிரீன்பெல்ட் ஹோம்ஸ் அந்தச் சங்கம்தான். தாங்கள் பங்கு வாங்கினால், அந்த வீட்டில் காலவரையின்றிக் குடியிருக்கும் உரிமை கிடைக்கும். பிறகு அதைச் சந்தை விலைக்கு விற்கவும் செய்யலாம். மாதக் கட்டணத்தில் சொத்துவரி, கட்டடக் காப்பீடு, வெளிப்புறப் பராமரிப்பு முதலியவை அடங்கும் என்பதால், விலையை மட்டும் ஒப்பிடாமல் இந்தக் கட்டணத்தையும் சேர்த்துக் கணக்குப் போடும்படி தங்கள் மாமனாரிடம் சொல்லுங்கள். எல்லா வங்கிகளும் கூட்டுறவுப் பங்குக்குக் கடன் தருவதில்லை. வட்டி விகிதத்தை முன்கூட்டியே விசாரியுங்கள். வாடகைக்கு விடுவதற்குக் கட்டுப்பாடு உண்டு. வெளிப்புறத்தில் எதை மாற்றுவதானாலும் சங்கத்தின் அனுமதி வேண்டும்.

இன்னொன்று. மெட்ரோ பச்சைத் தடத்தின் கடைசி நிலையம் அங்கே 1993இலிருந்து இருக்கிறது. வாஷிங்டனுக்கு வேலைக்குப் போகிறவருக்கு அது போதும். நிலையத்தின் அருகே எஃப்.பி.ஐ. தலைமையகம் வரப்போகிறது, விலை ஏறிவிடும் என்று முகவர் அவசரப்படுத்தினால் நம்ப வேண்டாம். 2023 நவம்பரில் அந்த இடத்தைத் தேர்ந்தெடுத்தது உண்மை. ஆனால் 2025 ஜூலையில் வாஷிங்டன் நகருக்குள்ளேயே ரேகன் கட்டடத்துக்கு மாற்றப்போவதாக அரசு அறிவித்துவிட்டது.

மரச்சட்ட வீடு போர்க்கால அவசரத்தில் கட்டியது என்பதால், சுவரின் வெப்பக்காப்பும் தரைக்கு அடியிலுள்ள ஈரமும் எப்படி இருக்கின்றன என்று கையெழுத்திடும் முன் ஆய்வாளரை வைத்துப் பாருங்கள். மாமனாரையும் உடன் அழைத்துப் போவதானால், கிரசன்ட் ரோடு 10-பி எண்ணில் 1937 வீடு ஒன்றை அந்தக் காலத்துச் சாமான்களோடு அருங்காட்சியகமாக வைத்திருக்கிறார்கள். அதைப் பார்த்தபின் சங்க அலுவலகத்துக்குப் போனால் பேச்சு எளிதாக இருக்கும்.