ரோசலிண்டின் கால்சட்டையும் மால் ஃப்ரித்தின் கால்சட்டையும்

கரிசல்காடு:
மறுமலர்ச்சிக்கால நாடகத்தைப் பற்றி யார் எழுதினாலும் ஒரே பாட்டுத்தான். ஷேக்ஸ்பியர் ஆண் பெண் என்ற கோட்டையே அழித்துவிட்டாராம். 'ஆஸ் யூ லைக் இட்' படிக்காதவர்களுக்காகச் சொல்கிறேன்: அரண்மனையிலிருந்து விரட்டப்பட்ட ரோசலிண்ட், கானிமீட் என்ற பெயரில் ஆண் வேடம் போட்டு ஆர்டன் காட்டுக்குப் போகிறாள். அங்கே வந்து சேரும் காதலன் ஆர்லாண்டோவிடம், 'என்னையே ரோசலிண்ட் என்று நினைத்துக் காதலித்துப் பழகு' என்கிறாள். சரி, இதை லண்டனில் நடித்தது யார்? ஒரு பையன். 1660 வரை அங்கே தொழில்முறை மேடையில் பெண் வேடம் பையன்களுக்குத்தான். எழுதியவர் ஆண், நடித்தவர் ஆண், கம்பெனியின் பங்குதாரர்கள் ஆண்கள். பெண்ணே இல்லாத இடத்தில் பெண்ணை வைத்து ஆடிய ஆட்டத்துக்கு விடுதலை என்று பெயர் வைப்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

தேன்மொழி:
வெறும் ஆட்டம்தான் என்றால் மதவாதிகள் ஏன் அவ்வளவு பதறினார்கள்? 1583-இல் ஃபிலிப் ஸ்டப்ஸ் எழுதியதைப் பாருங்கள். ஆண் யார் பெண் யார் என்று பிரித்துக் காட்டத்தான் உடை கொடுக்கப்பட்டதாம், ஆண்கள் மாதிரி டப்ளெட் சட்டை போடும் பெண்கள் இரு பாலும் கலந்த அரக்கப் பிறவிகளாம். பையன்களுக்குப் பெண் உடை மாட்டுவதை எதிர்த்தவர்களோ விவிலியத்தின் உபாகமத்திலிருந்து வசனம் எடுத்துக் காட்டினார்கள். உடையை மாற்றினால் ஆளே மாறிவிடுவான் என்ற பயம் அவர்களுக்கு உண்மையிலேயே இருந்தது, அதாவது பாலினம் அவ்வளவு உறுதியான சமாசாரம் இல்லை என்று அவர்களுக்கே சந்தேகம். நாடகம் முடிந்ததும் ரோசலிண்ட் முன்னால் வந்து, 'நான் பெண்ணாக இருந்தால் உங்களில் எனக்குப் பிடித்த தாடிக்காரர்களை எல்லாம் முத்தமிடுவேன்' என்கிறாள். பேசுவது பெண்ணா பையனா? எதிரே பெண்களும் உட்கார்ந்திருந்தார்கள் என்பதை மறந்துவிடாதீர்கள்.

நூலகப்பூனை:
இடையில் ஒரு துணுக்கு. இதே நாடகத்தைப் பம்மல் சம்பந்த முதலியார் 'விரும்பிய விதமே' என்று தமிழாக்கினார். அவருடைய சுகுண விலாச சபையிலும் பெண் வேடம் ஆண்களுக்குத்தான். ஆக, கரிசல்காடு அண்ணன் நம்மூரையும் சேர்த்தே திட்டலாம்.

அப்புறம் மருத்துவம். பழங்கால கிரேக்க மருத்துவர் கேலன் வழி வந்தவர்கள் பெண்ணின் உறுப்பும் ஆணின் உறுப்பும் ஒன்றுதான், உடல் சூடு போதாததால் பெண்ணுக்கு உள்ளேயே தங்கிவிட்டது என்றார்கள். பிரெஞ்சுக் கட்டுரையாளர் மோன்டேன் தன் கட்டுரையில் அந்நாட்டு வித்ரி ஊர் ஆள் ஒருவரைப் பற்றிச் சொல்கிறார். பெயர் ஜெர்மேன், நல்ல தாடி, வயதானவர், கல்யாணம் ஆகவில்லை. இருபத்திரண்டு வயதுவரை மாரி என்ற பெண்ணாக இருந்தவராம், ஒருநாள் எட்டித் தாண்டும்போது ஆண் உறுப்பு வெளியே வந்துவிட்டதாம். காலை அகட்டி வைக்காதே, மாரி ஜெர்மேன் மாதிரி ஆகிவிடுவாய் என்று அந்த ஊர்ப் பெண்கள் பாட்டே பாடினார்களாம். இப்படியெல்லாம் நம்பிய காலத்தில் வேடம் வெறும் வேடமாக இருந்திருக்க முடியுமா?

கரிசல்காடு:
பூனை, அந்தக் கதையில் மாற்றம் எந்தப் பக்கம் போகிறது என்று கவனித்தீர்களா? பெண் ஆணாகலாம், ஆண் பெண்ணாக மாட்டான், ஏனென்றால் இயற்கை எப்போதும் நிறைவை நோக்கித்தான் போகும் என்பது அவர்கள் கொள்கை. நிறைவு என்றால் ஆண். கேலன் சொன்னதை அந்தக் காலத்து மருத்துவர்கள் எல்லோரும் ஏற்கவும் இல்லை, கருப்பை தனி உறுப்பு என்று வாதிட்டவர்கள் நிறைய.

படித்த பெண்களுக்கும் இதே கதிதான். இத்தாலியில் வெரோனா ஊரின் இசோட்டா நோகரோலா லத்தீனில் தேர்ந்தவர். பெரிய அறிஞரான குவாரினோவுக்குக் கடிதம் எழுதினார், பதில் இல்லை, ஊர்ப் பெண்கள் சிரித்தார்கள். இதைச் சொல்லி மறுபடி எழுதியபோது குவாரினோ ஆறுதலாகச் சொன்னது என்ன தெரியுமா? பெண்ணுக்குள் ஓர் ஆணை உண்டாக்கிக்கொள் என்று. 1439-இல் ஒரு மொட்டைக் கடுதாசி அவர்மேல் சொந்தச் சகோதரனோடு சேர்த்துப் பழி போட்டது, நாவன்மையுள்ள பெண் கற்புள்ளவளாக இருக்க முடியாது என்ற வாதத்தோடு. பெண்ணாகவே இருந்துகொண்டு அறிஞராக இருக்க வழியில்லை.

வெட்டிஆபீசர்:
ஏட்டை விட்டுத் தெருவுக்கு வாருங்கள். மேரி ஃப்ரித், ஊரில் மால் என்பார்கள். மிடில்டனும் டெக்கரும் 'தி ரோரிங் கேர்ள்' நாடகத்தை எழுதியதே இவளை வைத்துத்தான். அதில் வரும் மால் கல்யாணம் வேண்டாம் என்பாள், கட்டிலில் இரண்டு பக்கமும் தானே புரண்டு படுக்க வேண்டும் என்பாள். அந்த வேடத்திலும் பையன்தான். ஆனால் நிஜ மாலும் 1611-இல் ஃபார்ச்சூன் கொட்டகைக்கு வந்தாள், ஆண் உடை, பூட்ஸ், இடுப்பில் வாள். மேடையில் உட்கார்ந்து லூட் என்ற நரம்பு வாத்தியம் வாசித்துப் பாடினாள். 'என்னை ஆண் என்று உங்களில் பலர் நினைக்கிறீர்கள், சந்தேகம் இருப்பவர் என் அறைக்கு வந்தால் பெண் என்று தெரிந்துகொள்ளலாம்' என்றாள். இதெல்லாம் திருச்சபை நீதிமன்றப் பதிவில் அவளே ஒப்புக்கொண்டதாக இருக்கிறது. அனுப்பிய இடம் பிரைட்வெல் சிறை. 1612 பிப்ரவரியில் செயின்ட் பால்ஸ் தேவாலயத்துக்கு வெளியே ஜனங்கள் நடுவே பிராயச்சித்தம், தேம்பித் தேம்பி அழுதாள். வருவதற்கு முன்பே மூன்று குவார்ட் (சுமார் மூன்று லிட்டர்) திராட்சை மது உள்ளே போயிருந்ததாகப் பிறகு பேச்சு. எனக்கு அந்த அழுகை ரொம்பப் பிடிக்கும்.

தேன்மொழி:
மால் ஃப்ரித்தைத் திருநம்பி என்று சொல்லலாமா? நான் சொல்வேன்.

வெட்டிஆபீசர்:
வேண்டாம். தான் பெண் என்று அவளே மேடையில் சொல்லியிருக்கிறாள், நாம் எதற்கு வேறு பெயர் ஒட்ட வேண்டும்? அப்படி ஒருவரைத் தேடினால் ஸ்பெயினின் எராஉசோவைப் பாருங்கள். கன்னிமாடத்திலிருந்து ஓடிப்போய், தென் அமெரிக்காவில் ஆணாகவே வாழ்ந்து, படையில் சேர்ந்து, கடைசியில் ஆண் உடையில் இருக்கப் போப்பாண்டவரிடமே அனுமதி வாங்கிய ஆள்.

தேன்மொழி:
சரி, பெயரை விடுங்கள். மால் ஃப்ரித்தைச் சிறையில் போட்டதும் அடங்கிவிட்டதா? 1620 ஜனவரியில் மன்னர் ஜேம்ஸ், அகலத் தொப்பி, கூர் முனை டப்ளெட், கத்தரித்த முடி, சிலர் கையில் குத்துவாள் என்று திரியும் பெண்களைக் கண்டித்துப் பிரசங்கம் செய்யுங்கள் என்று லண்டன் பாதிரிகளுக்கு உத்தரவு போட வேண்டியிருந்தது. மன்னரே இறங்குகிறார் என்றால் ஒருத்தி இருவர் இல்லை. அதே ஆண்டு 'ஹிக் மூலியர்' (ஆண் மாதிரிப் பெண்) என்று ஒரு துண்டுநூல் அவர்களைத் திட்டியது, அதற்குப் பதிலாக வந்த 'ஹேக் வீர்' (பெண் மாதிரி ஆண்) நூலில் ஆண் உடைப் பெண் எழுந்து, வழக்கம் என்பது ஒரு முட்டாள், ஆண்களைப் போலவே நாங்களும் சுதந்திரமாகப் பிறந்தவர்கள் என்கிறாள். இந்த வாக்கியத்தை அச்சில் பார்க்க உங்களுக்கு வேறு எந்த நூற்றாண்டு வேண்டும்?

கரிசல்காடு:
அதே நூலின் முடிவையும் சொல்லுங்கள். நீங்கள் ஆண்களாக நடந்துகொண்டால் நாங்கள் பாவாடைக்குத் திரும்பிவிடுகிறோம் என்று அவளே பேரம் பேசுகிறாள். இரண்டையும் எழுதியவர் பெயர் போடவில்லை, ஒரு பெண் எழுதியது என்பதற்கு ஆதாரமும் கிடையாது. வெனிஸைப் பாருங்கள், 1599-இல் ஜுசெப்பே பாஸி பெண்களின் குறைகளை அடுக்கி எழுதினார், அடுத்த ஆண்டே லுக்ரேசியா மரினெல்லா தன் சொந்தப் பெயரில் பதில் கொடுத்தார். பெண்களின் மறுமலர்ச்சியைத் தேடுவதென்றால் நான் அங்கேதான் போவேன், லண்டன் கொட்டகைக்கு இல்லை.

நூலகப்பூனை:
1660-க்குப் பிறகு நடிகைகள் வந்தார்களே, அது கணக்கில் வராதா?

கரிசல்காடு:
வந்தார்கள். வந்த கையோடு கால்சட்டை மாட்டும் வேடங்களாக எழுதித் தள்ளினார்கள், ஜனங்களுக்குக் கால் தெரிய வேண்டுமே.

தேன்மொழி:
காலைப் பார்க்க வந்தவன் காதையும் கொண்டுதானே வந்தான்? அவள் பேசியதையும் கேட்டுவிட்டுத்தான் வீட்டுக்குப் போயிருப்பான். மரினெல்லாவுக்குத் தனி இழை தொடங்குங்கள், அங்கே சண்டை போடுவோம்.