கருவிழி மீது ஏறும் சதை: அறுவை சிகிச்சைக்குக் காத்திருக்கலாமா?

கேள்வி:
வணக்கம். இருபது ஆண்டுகளாக வெயிலில் நில அளவைப் பணி செய்கிறேன். என் இடக்கண்ணில், மூக்கை ஒட்டிய பக்கத்திலிருந்து இளஞ்சிவப்பான சதை ஒன்று முக்கோணமாகக் கருவிழி மீது ஏறியிருக்கிறது. மாலையானால் மணல் விழுந்ததுபோல் உறுத்துகிறது. மருத்துவர் இதை டெரிஜியம் என்று கூறி, இப்போதைக்கு அறுவை சிகிச்சை வேண்டாம் என்றார். வளர்கிற ஒன்றை அப்படியே விடுவது சரியா? இது புற்றுநோயாகுமா?

மறுமொழி 1:
பார்வைப் பரிசோதகராகப் பணிபுரிபவன் என்ற முறையில் எழுதுகிறேன். டெரிஜியம் புற்றுநோயன்று. வெள்ளைவிழியிலேயே மஞ்சள் மேடாக நின்றுவிடும் பிங்குவெக்குலாவும் அப்படியே. ஆனால் மிக அரிதாக, விழிப்பரப்பில் தோன்றும் புற்றுநோய் தொடக்கத்தில் இவற்றைப் போலவே தெரியும் என்பதால், சதையின் உருவமோ நிறமோ விரைவாக மாறினால் உடனே காட்டிவிடுங்கள்.

மருத்துவர் காத்திருக்கச் சொன்னது அலட்சியத்தால் அன்று. அகற்றிய சதை மீண்டும் முளைப்பதுண்டு. அப்படி முளைப்பது முன்னதைவிடத் தடிப்பாகவும் வேகமாகவும் வளரக்கூடும். சதை கருவிழியை இழுத்து அதன் வளைவை மாற்றிச் சிலிண்டர் பவரை (சீரற்ற வளைவால் வரும் பார்வைக் குறையின் அளவை) கூட்டும்போதும், கண்ணின் நடுவிலுள்ள பாவையை நெருங்கும்போதும், விழியின் அசைவைத் தடுக்கும்போதும்தான் கத்தியை எடுப்பது பொருத்தம்.

மறுமொழி 2:
நான் இந்தச் சிகிச்சை செய்துகொண்டவள். சதையை வெட்டிவிட்டு அந்த இடத்தை வெறுமனே விட்டால் மீண்டும் வளரும் வாய்ப்பு மிக அதிகம். எனக்கு மேலிமைக்கு அடியிலிருந்து மெல்லிய சவ்வை எடுத்து, வெட்டிய இடத்தில் திசுப் பசையால் ஒட்டினார்கள். மரத்துப்போகும் மருந்து விட்டிருந்ததால் வலி தெரியவில்லை, பிறகு சில நாள்கள் உறுத்தியது. எந்த முறையில் செய்வார்கள் என்பதை முன்னரே கேட்டுவிடுங்கள் ஐயா.

மறுமொழி 3:
கண் சிவக்கும்போதெல்லாம் மருந்துக்கடையில் ஸ்டீராய்டு சொட்டு மருந்து வாங்கி ஊற்றிக்கொள்ளாதீர்கள் என்று மன்றாடிக் கேட்கிறேன். மேற்பார்வையின்றித் தொடர்ந்தால் கண் அழுத்தம் கூடவும் கண்புரை வரவும் கூடும். உறுத்தலுக்குச் செயற்கைக் கண்ணீர் போதும். வெயிலில் அணியும் கண்ணாடி, பக்கவாட்டையும் மூடுவதாக இருக்கட்டும். ஏனெனில் பக்கத்திலிருந்து நுழையும் புற ஊதாக் கதிரைக் கருவிழி வளைத்து, மூக்குப் பக்க விளிம்பில் குவிக்கிறது என்பதே சதை பெரும்பாலும் அங்கு வளர்வதற்குச் சொல்லப்படும் காரணம்.

கேட்டவர்:
மூவருக்கும் நன்றி. சதை கருவிழிக்குள் எத்தனை மில்லிமீட்டர் வந்திருக்கிறது என்பதை இம்முறை சீட்டில் குறித்துத் தரச் சொல்கிறேன். ஆறு மாதம் கழித்து ஒப்பிட்டுப் பார்க்கலாம்.