மொய்சனைட் மோதிரம் லூசு, சுருக்கலாமா?

கேள்வி: 18 காரட் வெள்ளைத் தங்கம், வைரம் போல மின்னும் மொய்சனைட் கல். ஆபீஸ் ஏர்கானில் உட்கார்ந்தாலே நழுவுகிறது. சிங்கப்பூர் தேக்காவில் நகைக்கடையில் கொடுக்கலாமா, சூட்டில் கல் போய்விடுமா?

பதில் 1: கல்லுக்குப் பயம் வேண்டாம் அக்கா, கடினத்தைக் காட்டும் மோஸ் அளவில் (வைரம் 10) அது 9.25, பற்றவைக்கும் சூட்டையும் தாங்கும், ஆனால் சூட்டோடு தண்ணீரில் முக்காமல் தானாக ஆறவிடச் சொல்லுங்கள், கல்லைப் பிடிக்கும் கம்பிகள் அசைகிறதா என்றும் பார்க்கச் சொல்லுங்கள். வெள்ளைத் தங்கம் என்றால் வெள்ளைப் பளபளப்புக்கான ரோடியம் முலாம் திரும்பப் போட வேண்டிவரும், அதையும் சேர்த்தே விலை கேளுங்கள்.

பதில் 2: சுற்றிலும் கல்லா? அப்படியென்றால் சுருக்க வளையத்தை வெட்டவே விடாதீர்கள். அப்புறம், ஏர்கானில் அளவு எடுக்காதீர்கள், வெளியே வெயிலில் விரல் வீங்கும், கழற்ற சோப்புதான் தேட வேண்டும்.

கேட்டவர்: ஒற்றைக் கல்தான். சரி, சாயங்காலம் போய் அளவு கொடுக்கிறேன்.