ரெப்போ குறைந்த அளவுக்கு வீட்டுக் கடன் வட்டி குறையவில்லை: வங்கியிடம் எதைக் கேட்பது?

முகிலன் (கேள்வி):
2020 டிசம்பரில் ஒரு வங்கியில் மாறும் வட்டியில் 30 லட்சம் ரூபாய் வீட்டுக் கடன் பெற்றேன். 240 மாதத் தவணை. அன்றைய ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) 4%, அதன்மேல் வங்கி கூட்டும் ஸ்பிரெட் 3% என்று அனுமதிக் கடிதத்தில் உள்ளது. 2025 ஜூனில் ரெப்போ 5.5% ஆனபின் எனக்கு 8.5% வந்திருக்க வேண்டும். ஆனால் அதை அடுத்து வந்த மறுநிர்ணயத்துக்குப் பிறகும் 8.9% பிடிக்கிறார்கள். கேட்டால், ‘உள்கொள்கை’ என்கிறது கிளை. இதே வங்கி புதியவர்களுக்கு என்னைவிடக் குறைந்த வட்டியில் கடன் தருகிறது. வழக்குத் தொடரலாமா? முடிவு தெரியும்வரை தவணையை நிறுத்தி வைக்கலாமா?

செந்தில்வேல்:
ஐயா, தங்கள் கேள்வியில் இரண்டு குறைகள் கலந்திருக்கின்றன. புதியவர்களுக்குக் குறைந்த வட்டி தருவது வங்கியின் வணிக முடிவு. அதை ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளர் விசாரிக்க மாட்டார். ‘வட்டி அதிகம்’ என்று மட்டும் சொல்லி நீதிமன்றம் போனாலும், வங்கி வட்டி அதிகமா என்று நீதிமன்றம் ஆராய்வதைத் தடுக்கும் வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 21ஏ பிரிவு குறுக்கே நிற்கும்.

ஸ்பிரெட் 3%இலிருந்து 3.4% ஆனது அப்படியல்ல. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலுடன் இணைக்கப்பட வேண்டும். குறைந்தது மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டி மறுநிர்ணயம் செய்யப்பட வேண்டும். ஸ்பிரெட்டில் உள்ள கடன் இடர் பகுதியை (கடன் திரும்பி வராமல் போகும் ஆபத்துக்காகச் சேர்ப்பது), கடன்தாரரின் கடன் தகுதியில் கணிசமான மாற்றம் ஏற்பட்டால் மட்டுமே, அதுவும் ஒப்பந்தத்தில் ஏற்றுக்கொண்டபடியே உயர்த்தலாம். செயல்பாட்டுச் செலவு போன்ற பிற பகுதிகளை மூன்று ஆண்டுக்கு ஒருமுறை உயர்த்தலாம். ஆகவே எந்தப் பகுதி, எந்தத் தேதியில், எந்த ஒப்பந்த விதியின்படி உயர்ந்தது என்று எழுத்தில் கேளுங்கள். ‘உள்கொள்கை’ இதற்குப் பதிலாகாது. ஆனால் 2023 டிசம்பருக்குப் பிறகு செயல்பாட்டுச் செலவுப் பகுதியை முறைப்படி மாற்றியிருந்தால் வங்கியின் பக்கமும் நியாயம் இருக்கக்கூடும்.

30 நாளில் பதில் வராவிட்டாலோ, வந்த பதில் நிறைவளிக்காவிட்டாலோ, குறைதீர்ப்பாளரிடம் ரிசர்வ் வங்கியின் இணையதளம் வழியே கட்டணமின்றிப் புகார் அளிக்கலாம். நுகர்வோர் ஆணையமும் உண்டு. ஆனால் ஒரே விஷயத்தை இரண்டு இடத்திலும் ஒரே நேரத்தில் நடத்த முடியாது.

கயல்விழி:
வட்டி விகிதத்தைப் பார்ப்பவர்கள் தவணைக் காலத்தைக் கவனிக்க மறந்துவிடுகிறார்கள். 30 லட்சத்துக்கு 7% வட்டியில் 240 மாதத் தவணை சுமார் 23,259 ரூபாய். 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4%இலிருந்து 6.5%ஆக ஏறியது. நிலுவை 28.5 லட்சமாக இருக்கும்போது 9.5% வட்டி என்றால், ஒரு மாத வட்டி மட்டுமே 22,562 ரூபாய். தவணையை உயர்த்தாமல் காலத்தை மட்டும் நீட்டியிருந்தால் அசலுக்கு 700 ரூபாய்கூடப் போயிருக்காது. தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, ஒரு பகுதியை முன்கூட்டியே கட்டுவதா என்று கடன்தாரரைக் கேட்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் 2023 ஆகஸ்டு 18 சுற்றறிக்கை. தங்களைக் கேட்டார்களா?

திருப்பித் தர ஒப்புக்கொண்டால், மாத வித்தியாசங்களைக் கூட்டி வாங்கிக்கொண்டு வந்துவிடாதீர்கள். அதிகம் பிடித்த வட்டியால் அசல் குறையாமல் நின்று, அதன்மேலும் வட்டி ஏறியிருக்கும். ஆகவே தவறு தொடங்கிய மாதத்திலிருந்து முழு அட்டவணையையும் புதிதாகப் போட்டுத் தரச் சொல்லுங்கள்.

இளம்பரிதி:
இவ்வளவு கடிதப் போக்குவரத்துக்குப் பதில் கடனை வேறு வங்கிக்கு மாற்றுவதே எனக்குச் சரியாகத் தோன்றுகிறது. தொழில் நோக்கமற்ற தனிநபரின் மாறும் வட்டிக் கடனை முன்கூட்டி முடிப்பதற்கு அபராதம் கிடையாது. புதிய வங்கியின் செயலாக்கக் கட்டணத்தையும் சட்டக் கருத்துச் செலவையும் மட்டும் முன்னதாகக் கணக்கிட்டுக்கொள்ளுங்கள்.

முகிலன்:
நன்றி. காலத்தை நீட்டும்போது என்னிடம் யாரும் கேட்கவில்லை. இன்று கிளையில், என் சிபில் மதிப்பெண் (கடன் தகுதி மதிப்பெண்) இறங்கியதே காரணம் என்று புதிதாகச் சொல்கிறார்கள்.

செந்தில்வேல்:
அப்படியானால் அது கடன் இடர் பகுதி. எந்தத் தேதியில் மதிப்பெண் எவ்வளவு இருந்தது, எவ்வளவு இறங்கினால் ஸ்பிரெட் உயரும் என்று ஒப்பந்தத்தில் எங்கே எழுதியிருக்கிறது என்பதைக் கேளுங்கள். வாய்மொழியாகச் சொன்னதை மின்னஞ்சலில் உறுதிப்படுத்தச் சொல்லுங்கள். தவணையை மட்டும் ஒரு மாதமும் நிறுத்த வேண்டாம். நிறுத்தினால் மதிப்பெண் உண்மையிலேயே இறங்கும். அதன்பின் வங்கி ஸ்பிரெட்டை உயர்த்த வேறு காரணம் தேட வேண்டியிருக்காது. இளம்பரிதி சொன்னபடி கடனை மாற்றவும் முடியாமல் போகலாம்.