தைலமரத்தில் எத்தனை வகை? நாங்குநேரிப் பக்கம் மானாவாரியில் எதை நடலாம்?

செம்மண்காடு:
நாங்குநேரிக்குத் தெற்கே எங்களுக்கு 3 ஏக்கர் மானாவாரி நிலம் கிடக்கிறது. அப்பா இருந்தவரை ஐப்பசி மழைக்கு உளுந்து, எள்ளு என்று ஏதாவது விதைப்பார், இப்போது முழுக்க உடைமரம். மர வியாபாரி ஒருவர் வந்து "தைலமரம், அதான் யூகலிப்டஸ் போடுங்க அண்ணாச்சி, அஞ்சு வருஷத்துல வெட்டிக்கிடலாம், தண்ணியே வேண்டாம்" என்கிறார். பக்கத்துக் காட்டுக்காரரோ "என் கிணறு வத்திப் போச்சுன்னா நீதாம்வே பொறுப்பு" என்று சண்டைக்கு நிற்கிறார். நாற்றுப் பண்ணையில் கேட்டால் டெரிட்டிகார்னிஸ், கமால்டுலென்சிஸ், சிட்ரியோடோரா என்று வாயில் நுழையாத பெயராகச் சொல்கிறார்கள். ஆஸ்திரேலியாவில் இருக்கிற மச்சான் இதையெல்லாம் 'கம் ட்ரீ' என்கிறான். கம் என்றால் பிசின்தானே? தைலமரத்தில் பிசின் வடிந்து நான் பார்த்ததில்லையே. அப்புறம் இன்னொன்று, இலையைக் காய்ச்சித் தைலம் எடுத்து விற்க முடியுமா?

நாற்றங்கால்:
தைலக் கனவை முதலில் விட்டுவிடுங்கள் அண்ணாச்சி. ஊட்டியில் பாட்டிலில் விற்கிற நீலகிரித் தைலம் குளோபுலஸ் என்கிற வகையின் இலையில் காய்ச்சுவது. 1843 வாக்கில் விறகுக்காக நீலகிரிக்கு வந்த மரம் அது, குளிர் வேண்டும், நம்ம வெயிலுக்குத் தேறாது. இளங்கன்றில் இலை வட்டமாக, நீலச் சாம்பல் பூசின மாதிரி ஜோடி ஜோடியாக இருக்கும், வளர்ந்த பிறகு அரிவாள் மாதிரி நீண்டு தொங்கும். இரண்டையும் பக்கத்தில் வைத்தால் ஒரே மரத்து இலை என்று சத்தியம் பண்ணினாலும் நம்ப மாட்டீர்கள்.

சமவெளியில் பேப்பர் கூழுக்கு நடுவது டெரிட்டிகார்னிஸும் கமால்டுலென்சிஸும், இல்லை இவற்றின் கலப்பும்தான். கமால்டுலென்சிஸ் அதன் சொந்த நாட்டில் ஆற்றங்கரை மரம், நம்ம ஊர் மருதம் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் வறட்சியும் தாங்கும். விதைக் கன்று வாங்காதீர்கள், ஒன்று போல் வராது. குளோன் கன்றாக, அதாவது நல்ல தாய்மரத்துக் குச்சியை வேர்பிடிக்க வைத்த கன்றாகக் கேளுங்கள். 3-க்கு 2 மீட்டர் இடைவெளியில் ஏக்கருக்குச் சுமார் 670 கன்று பிடிக்கும். வெட்டினால் கட்டையிலிருந்து மறுபடி துளிர்க்கும், இன்னும் ஒன்றிரண்டு வெட்டு கிடைக்கும்.

சிட்ரியோடோரா வேறு கதை. இலையைக் கசக்கினால் எலுமிச்சை வாசம். அதன் எண்ணெய் சோப்புக்கும் வாசனைப் பொருளுக்கும் போகிறது. 1995-இல் தாவரவியல்காரர்கள் அதை யூகலிப்டஸிலிருந்து பிரித்து கோரிம்பியா என்ற தனிப் பேரினத்தில் சேர்த்துவிட்டார்கள், நமக்கு என்னவோ அதுவும் தைலமரம்தான். மொத்தம் 700-க்கு மேல் வகை இருக்கிறது. டாஸ்மேனியாவில் ரெக்னன்ஸ் என்று ஒன்று 100 மீட்டர் உயரம் போகும்.

களக்காட்டுக்காரி:
பிசின் கேள்விக்கு நான் சொல்கிறேன். பட்டையில் வெட்டு விழுந்தாலோ பூச்சி துளைத்தாலோ தைலமரத்திலும் ரத்தச் சிவப்பாக வடியும், அதைப் பார்த்து வெள்ளைக்காரர்கள் வைத்த பெயர்தான் கம். உண்மையில் அது பிசினே இல்லை. கருவேலம் பிசின் தண்ணீரில் கரைந்து கொழகொழவென்று ஒட்டும், இது துவர்ப்புச் சத்து, காய்ந்தால் நொறுங்கும். இதற்குக் கினோ என்று பெயர். அந்தப் பெயரில் மருந்துக் கடைகளில் பேர்போனது நம்ம வேங்கை மரத்துப் பால்தான், மலபார் கினோ என்பார்கள்! எங்கள் ஆச்சி பிள்ளைகளுக்குப் பொட்டு வைக்க மையாகக் காய்ச்சிச் சிரட்டையில் வைத்திருந்தாளே, அதேதான்.

ஆஸ்திரேலியாவிலும் எல்லாவற்றையும் கம் என்று சொல்ல மாட்டார்கள். வருஷா வருஷம் பட்டை உரிந்து வழவழவென்று நிற்பதுதான் கம். பட்டை உரியாமல் கருத்து, பாளம் பாளமாக வெடித்திருந்தால் இரும்புப்பட்டை, நாராகக் கிழிந்தால் நார்ப்பட்டை. உங்கள் மச்சான் பொதுவாகச் சொல்லியிருப்பார்.

ராதாபுரம் வடக்கு:
நான் போட்டுப் பார்த்தவன், அதனால் சொல்கிறேன். தண்ணீர் வேண்டாம் என்பது வியாபாரி பேச்சு. முதல் வருஷக் கோடையில் குடம் குடமாக ஊற்றினேன், அப்படியும் கரையான் பாதியைத் தின்றது. அப்புறம் இலை நரம்பிலும் காம்பிலும் முடிச்சு முடிச்சாக வந்தது, குளவி மாதிரி ஒரு பொடிப் பூச்சி முட்டை வைக்கிறதாம். அதைத் தாங்குகிற குளோன் எது என்று கேட்டு வாங்குங்கள்.

உங்கள் பக்கத்துக் காட்டுக்காரர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. வேர் ஆழமாக இறங்கும், மழை கம்மியான ஊரில் விழுகிற தண்ணீரைப் பெரும்பாலும் மரமே குடித்துவிடும், கிணற்றுக்கு ஊற மிச்சம் இருக்காது. உளுந்து அறுத்ததும் நிலம் சும்மா கிடக்கும், இது பன்னிரண்டு மாசமும் இலையோடு நிற்கும். குளத்தங்கரை, கிணற்றடி பக்கம் கொண்டு போகாதீர்கள். அடியில் புல்லும் சரியாக வராது, ஆடு மேய்க்கிறவர்கள் திட்டுவார்கள். வெட்டின பிறகு கட்டையைத் தோண்டி எடுக்க ஆகிற ஜேசிபி வாடகையையும் இப்போதே கணக்கில் எழுதிக்கொள்ளுங்கள். எடை போடும்போது பட்டை உரித்தா, பட்டையோடா என்று முன்கூட்டியே பேசி வையுங்கள். நான் பேசவில்லை, உரிகூலி என் தலையில் விழுந்தது.

செம்மண்காடு:
ரொம்ப நன்றி. சாயங்காலம் பள்ளிக்கூடத்து வேலியோரம் போய் இலையைக் கசக்கிப் பார்த்தேன். வெள்ளை வழவழப்பு மரத்தில் எலுமிச்சை வாசம், பக்கத்தில் நிற்கிற சாம்பல் நிறத்துக்காரனில் தைல வாசம். நாலு வருஷம் அதற்கடியில் உட்கார்ந்து படித்தவன் நான்! கிணற்றுப் பக்கம் ஒரு ஏக்கருக்கு வேம்பும் புளியும் வைக்கலாம் என்று இருக்கிறேன், மீதி 2 ஏக்கரில்தான் தைலமரம். கரையானுக்கு என்ன செய்தீர்கள் ராதாபுரம் அண்ணாச்சி?

ராதாபுரம் வடக்கு:
குழிக்கு ரெண்டு கை வேப்பம்புண்ணாக்கு. மழை தொடங்கின பிறகு நடுங்க, புரட்டாசியிலேயே அவசரப்படாதீங்க.