பாலு மகேந்திரா டிவிக்குப் போனது இறக்கமா?

ரதவீதி ராசா:
நேத்து டவுன் டீக்கடையில ஆரம்பிச்ச சண்டை, இங்கயும் போட்டு வைக்கேன். கேமராமேனும் இயக்குநருமான பாலு மகேந்திராவுக்கு, 'கோகிலா'ங்கிற கன்னடப் படத்துக்காக 1977ல ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது. 1982ல 'மூன்றாம் பிறை'க்கு இன்னொண்ணு. அப்பேர்ப்பட்ட மனுசன் கடைசியில சன் டிவியில 'கதை நேரம்'னு சிறுகதைய எடுத்துக்கிட்டு இருந்தது எனக்கு இறக்கமாத்தான் படுது. ஊட்டிப் பனிய தியேட்டர்ல பாத்தவனுக்கு 21 இஞ்ச் பெட்டி எம்மாத்திரம்?

பாளை வீடியோக்காரன்:
என்னவே இறக்கம்? அதுக்கு ரொம்ப முந்தியே, 1989ல, தூர்தர்ஷனுக்காக 'சந்தியா ராகம்' எடுத்துட்டாரு. அதுக்கும் தேசிய விருது உண்டு.

நான் கல்யாண வீடு எடுக்கவன். எங்க ஆச்சி வீட்டுத் தார்சாக் கூடத்துல ஒரேயொரு கண்ணாடி ஓடு. பத்து மணிக்கு வெளிச்சம் தூண்ல விழும், பதினொண்ணரைக்கு ஆட்டுரலுக்கு வந்துரும். அந்த ஒண்ணரை மணி நேரம் லைட்டே வேண்டாம். எதிர்ல ஒரு வெள்ளை வேட்டிய விரிச்சுப் பிடிச்சா, முகத்துல இருண்ட பக்கம் லேசா எழும்பும். அவரு படத்தப் பாத்துப் பாத்துக் கத்துக்கிட்டது இது. பெட்டி சின்னதா இருந்தா என்ன?

தென்காசி சாரல்:
அண்ணாச்சி, வேட்டி பிடிச்சவன்லாம் பாலு மகேந்திரா ஆயிர முடியுமா :) நீங்க சொன்னதுலயே பதில் இருக்கு. வெளிச்சம் தூண்ல இருந்து ஆட்டுரலுக்கு வார வரைக்கும் காத்துக் கெடக்கணும். 'கதை நேரம்'னு 52 கதை எடுத்துத் தள்ளணும்னா யாரு காத்துக் கெடப்பா? என்னைக் கேட்டா, அவரு அடுத்தவங்க படத்துக்குக் கேமரா பிடிச்சதுதான் உச்சம். 1978ல மகேந்திரன் இயக்குன 'முள்ளும் மலரும்' ஒண்ணு போதும்.

அம்பை வாசகி:
ஏறுனாரு இறங்குனாருன்னு ஏணி வச்சுப் பாக்கீங்களே, அவரு எந்த ஏணியில ஏறுனாரு? பிறந்தது மட்டக்களப்பு, படிச்சது புனே, முதல்ல கேமரா பிடிச்சது மலையாளத்துல. 'நெல்லு' படத்துக்கு 1974லயே கேரள அரசு விருது. முதல்ல இயக்குனது கன்னடத்துல. தமிழ்ல இயக்க வந்தது அதுக்கப்புறம். வேலை இருந்த இடத்துக்குப் போனாரு, அவ்வளவுதான்.

'கதை நேரம்' ஓடுதப்போ எங்க அம்மா ரெண்டாங்கட்டுல இருந்து கரண்டியும் கையுமா வந்து நிப்பா. ஒருநாள், "அந்தப் பிள்ள மூஞ்சில பவுடரே போடலியே, நம்ம வீட்டுப் பிள்ள மாதிரில்லா இருக்கா"ன்னா. டிவில அதுவரைக்கும் அப்படி ஒரு மூஞ்சிய நாங்க பாத்ததில்ல.

ரதவீதி ராசா:
பவுடர் விசயத்துல ஒத்துக்கிடுதேன். சாரல் கேட்டதுக்கு இன்னும் பதில் வரல.

பாளை வீடியோக்காரன்:
காத்துக் கெடக்க வேண்டாம்வே. எந்நேரம் எந்தச் சன்னல்ல வெளிச்சம் வரும்னு மொதல்லயே தெரிஞ்சு வச்சிருந்தா, ஆளை அங்கன கொண்டு உக்கார வைக்கலாம். வேகமா எடுக்கவனுக்குத்தான் அந்த வித்தை ரொம்ப வேணும்.

நானும் போன ஆவணியில ஒரு பொண்ண அப்படிச் சன்னலோரம் உக்கார வச்சு எடுத்தேன். மாப்பிள்ளையோட மாமா வந்து, "பாதி மூஞ்சி இருட்டு"ன்னு சொல்லி ரெண்டாயிரத்தப் பிடிச்சுக்கிட்டாரு.

தென்காசி சாரல்:
அந்த வீடியோவப் போடுங்க அண்ணாச்சி. மாமா சொன்னது சரியான்னு பாப்போம்.