‘நாளெ வரும்’ என்றால் யார் வருவது?

திருச்சூர் மருமகள்:

கல்யாணமாகி திருச்சூர் வந்த முதல் வாரம். சமையலறையில் தேங்காய் துருவிக்கொண்டிருந்தேன். கூடத்தில் போன் பேசி முடித்துவிட்டு வந்த மாமியார், "விளிச்சிருந்நு. நாளெ வரும்" என்றார். அவ்வளவுதான். என் கும்பகோணத்துக் காதில் அது "கூப்பிட்டிருந்தது, நாளைக்கு வரும்" என்று விழுந்தது. கேஸ் புக் பண்ணியிருந்தோம். அதுதான் வரப்போகிறது என்று காலி சிலிண்டரை வாசலுக்கு உருட்டி வைத்தேன். மறுநாள் பத்து மணிக்கு ஆட்டோவில் வந்து இறங்கியவர் வலியம்ம, என் மாமியாரின் அக்கா. அவருக்கென்று கூடுதலாக ஒரு கறிகூட நான் வைத்திருக்கவில்லை.

தமிழில் பெயரே சொல்லாமல் "வந்தாங்க" என்றால் போதும், பாதி விஷயம் புரிந்துவிடும். வந்தேன், வந்தான், வந்தாள், வந்தது என்று வினையின் வாலிலேயே ஆள் உட்கார்ந்திருப்பார். மலையாளத்தில் அந்த வால் கிடையாது. ஞான் வந்நு, நீ வந்நு, அவன் வந்நு, அவள் வந்நு, பூச்ச (பூனை) வந்நு. எல்லாம் ஒரே ‘வந்நு’தான். பழைய மலையாளத்தில் இந்த வால் இருந்திருக்கிறது, பிறகு உதிர்ந்துவிட்டது. ஏ.ஆர். ராஜராஜ வர்மா தன் ‘கேரள பாணினீயம்’ என்ற மலையாள இலக்கண நூலில் இதற்கு ‘புருஷபேத நிராசம்’, அதாவது தன்மை, முன்னிலை, படர்க்கை வேறுபாட்டை விடுதல், என்று பெயரே வைத்திருக்கிறார். தமிழிலிருந்து மலையாளம் பிரிந்து வந்த வழியைக் காட்ட அவர் சொல்லும் ஆறு மாற்றங்களில் இதுவும் ஒன்று.

மாமியாருக்கு நான் தமிழ் சொல்லிக்கொடுத்தபோது அவர் பட்ட பாட்டையும் சொல்ல வேண்டும். ஒரு ‘வந்நு’வுக்கு வந்தேன், வந்தோம், வந்தாய், வந்தீர்கள், வந்தான், வந்தாள், வந்தார், வந்தார்கள், வந்தது, வந்தன என்று 10 வடிவம் எழுதிக் காட்டினேன். அவர் தாளைப் பார்த்தபடி கேட்டார்: "ஞான் என்னு பறஞ்ஞில்லே? பின்னெ எந்தினா ஆ ‘ஏன்’?" நான் என்று முதலிலேயே சொல்லியாகிவிட்டதே, கடைசியில் மறுபடியும் எதற்கு ஓர் ‘ஏன்’? என்னிடம் பதில் இல்லை.

முதலில் எனக்கு உறுத்திய இன்னொன்று, மரியாதை. பெரியவர் வந்தாலும் ‘வந்நு’, நாய் வந்தாலும் ‘வந்நு’வா? பழகிய பிறகுதான் பிடிபட்டது. நாம் வாலில் வைக்கும் மரியாதையை அவர்கள் தலையில் வைக்கிறார்கள். "அம்ம கழிச்சோ?" (அம்மா சாப்பிட்டாச்சா?), "ஏட்டன் எப்போழா வந்நத்?" (அண்ணன் எப்போது வந்தது?) என்று எதிரில் நிற்பவரை ‘நீ’ என்று சொல்லாமல் உறவுப் பெயரையே சொல்லிக் கேட்பார்கள். ‘வந்நு’ என்ற சொல்லில் எதுவும் குறைவதில்லை.

உங்களுக்கும் இப்படி ஏதாவது நடந்திருந்தால் எழுதுங்கள்.


ஓய்வுபெற்ற தமிழாசிரியர்:

அம்மா, சிலிண்டர் கதையில் வரும் அந்த ‘வரும்’ பற்றி ஒரு வார்த்தை. இன்று நமக்கு அது அஃறிணைக்கு உரியது. பஸ் வரும், மழை வரும் என்போம். ஆனால் பழந்தமிழில் "அவன் வரும்", "அவள் வரும்" என்பது முழுக்கச் சரியான தொடர். செய்யும் என்னும் முற்று என்று இலக்கணத்தில் படித்திருப்பீர்கள். ‘வருவர்’ என்று சொல்ல வேண்டிய பலர்பாலுக்கும், தன்மைக்கும், முன்னிலைக்கும் மட்டும் அது ஆகாது என்கிறது தொல்காப்பியம். நன்னூலும் அதையே சொல்கிறது. வலியம்மயை உங்கள் மாமியார் ‘வரும்’ என்றது நம் பழைய இலக்கணத்துக்குப் பொருந்திய பேச்சுதான். விட்டவர்கள் நாம்.

30 வருடம் விடைத்தாள் திருத்தியவன் நான். "தலைவர் வந்தார்" என்றும் எழுதுவார்கள், "தலைவர் வந்தார்கள்" என்றும் எழுதுவார்கள். இரண்டுக்கும் மதிப்பெண் போட்டிருக்கிறேன். தொல்காப்பியர் திருத்தியிருந்தால் இரண்டுமே இலக்கண நெறியில் நின்றிருக்காது. ஒருவரைப் பன்மையால் சொல்வது வழக்கில் உள்ள உயர்சொல்தான், இலக்கண முறைப்படியானது அல்ல என்று தொல்காப்பியத்தின் கிளவியாக்கம் என்ற இயலில் அவரே சொல்கிறார். அதாவது அவர் காலத்திலேயே மக்கள் அப்படிப் பேசிக்கொண்டிருந்தார்கள். ‘அவர்’ பலரைக் குறித்த சொல். மரியாதைக்காக அதை ஒருவருக்குக் கொடுத்தோம். பிறகு பலரைச் சொல்லச் சொல் போதாமல், அதுவரை அஃறிணைக்குச் சேர்த்து வந்த ‘கள்’ளை எடுத்து ‘அவர்கள்’ என்று ஆக்கினோம். அதுவும் இன்று ‘அவங்க’ என்று ஒரே ஒருவருக்குப் போய்விட்டது. என் மனைவியைப் பற்றிப் பக்கத்து வீட்டார் பேசும்போது "அவங்க எங்கே?" என்றுதான் கேட்கிறார்கள். அடுத்து எந்தப் பன்மையை எடுப்போம் என்று அடிக்கடி யோசிப்பேன்.


ராணிப்பேட்டைக்காரன்:

நான் வேலைக்காகத் திருப்பதியில் நான்கு வருடம் இருந்தேன். "பஸ்ஸு வச்சிந்தி", "ஆவு வச்சிந்தி" என்பார்கள். பஸ் வந்தது, பசு வந்தது. சரி. அதே வாயால் "அம்ம வச்சிந்தி" என்றபோது எனக்குச் சுருக்கென்றது. பெற்ற தாயும் பசுவும் ஒரே வினையா? தெலுங்கில் ஒருமை என்றால் ஆண் ஒரு பக்கம், மற்ற எல்லாம் இன்னொரு பக்கம். அவன் வந்தால் ‘வச்சாடு’, அவள் வந்தாலும் அது வந்தாலும் ‘வச்சிந்தி’. மரியாதையாகச் சொன்னால் ‘வச்சாரு’. ஆனால் பன்மைக்குப் போனால் கோடு இடம் மாறிவிடுகிறது. பெண்கள் பலர் வந்தால் ‘வச்சாரு’ என்று ஆண்களோடு சேர்ந்துவிடுவார்கள், பசுக்கள் ‘வச்சாயி’ என்று தனியே போய்விடும்.

கூட வேலை பார்த்த அக்காவிடம் இதை ஒருநாள் கோபமாகவே சொல்லிவிட்டேன். அவர் நிதானமாக, "நீ போனில் உங்கள் வீட்டில் பேசும்போது என்ன சொல்கிறாய் என்று கவனி" என்றார். அன்று ராத்திரி அம்மாவிடம் நான் கேட்டது: "அக்கா வந்துச்சா? ஆயா சாப்பிட்டுச்சா?" அந்த ‘ச்சு’வில் எனக்கு இருக்கும் பாசம் ‘வந்தாள்’ என்பதில் வராது. எங்கள் வீட்டில் யாராவது அக்காவை ‘வந்தாள்’ என்றால் சண்டை என்று அர்த்தம்.

‘அவள்’ என்று பெண்ணைத் தனியாகப் பிரித்ததே தமிழும் மலையாளமும் கன்னடமும் உள்ள தென் கிளையில் பின்னால் வந்த புதுமை என்று திராவிட மொழியியலாளர்கள் பலர் சொல்கிறார்கள். அதைப் படித்தபோது அந்த அக்காவுக்கு உடனே போன் செய்தேன்.


அவிநாசி டு ஒசாகா:

எங்கள் ஊர்ப் பேச்சு எல்லோருக்கும் தெரியும். எதைச் சொன்னாலும் ‘ங்க’ சேரும். "மழை பேஞ்சுதுங்க", "நாய் ஓடிப்போச்சுங்க", "நான் சாப்பிட்டேனுங்க". நாய்க்கு ஏன் மரியாதை என்று கல்லூரியில் வேற்றூர் நண்பர்கள் விடாமல் கேட்பார்கள். அந்த ‘ங்க’ நாய்க்கும் இல்லை, எனக்கும் இல்லை, கேட்டுக்கொண்டிருக்கும் உங்களுக்கு என்று விளக்க எனக்கு அப்போது தெரியவில்லை.

ஜப்பானிய மொழி வகுப்பில்தான் அது விளங்கியது. அங்கேயும் வினையில் நான், நீ, அவன் வேறுபாடு கிடையாது. ‘கித்தா’ என்றால் வந்தேன், வந்தாய், வந்தான் எல்லாமே. ஆனால் கேட்பவருக்கு மரியாதை வேண்டுமென்றால் ‘கிமாஷ்தா’. "இனு கா கிமாஷ்தா" என்று ஆசிரியை கரும்பலகையில் எழுதினார். இனு என்றால் நாய். "நாய் வந்துச்சுங்க"! உட்கார்ந்த இடத்தில் எனக்கு அவிநாசி பஸ் ஸ்டாண்டு கண்ணுக்குள் வந்தது. வகுப்பில் மற்றவர்கள் இந்த ‘மாஷ்’ஷை நாய்க்கு எதற்கு என்று கேட்டுக்கொண்டிருந்தார்கள், நான் ஒருவன்தான் கேட்கவில்லை.

வருகிறவருக்கு மரியாதை தனியாக உண்டு. ஆசிரியர் வந்ததை நண்பனிடம் சொன்னால் "சென்செய் கா இராஷ்ஷாத்தா", எங்கள் ஊரில் "வாத்தியார் வந்தாருடா". அதையே மேலதிகாரியிடம் சொன்னால் "இராஷ்ஷாய்மாஷ்தா", எங்கள் ஊரில் "வந்தாருங்க". பேசப்படுகிறவருக்கு ஓர் இடம், கேட்கிறவருக்கு ஓர் இடம். ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத இரண்டு மொழிகள், கணக்கு மட்டும் ஒன்று.


வடமராட்சி:

எங்கட பக்கத்தில் ‘வந்தேன்’ மட்டுமில்லை, ‘வந்தனான்’ என்றும் ஒன்று உண்டு. "நீ அங்கை போனனியோ?" "ஓம், போனனான்." "அம்மா சொன்னவ." "நாங்கள் கண்டனாங்கள்." வந்த, நான் இரண்டும் சேர்ந்த மாதிரி ஆளே வினைக்குள் முழுசாக நிற்பார். தமிழ்நாட்டில் ஒரு பதிப்பகத்துக்கு என் சிறுகதையை அனுப்பினேன். மெய்ப்புப் பார்த்தவர் கிழவி பேசுகிற இடத்திலும் ‘வந்தனான்’களை ‘வந்தேன்’ ஆக்கிவிட்டார். அச்சாகி வந்த பிறகுதான் கண்டேன். அந்தக் கிழவி என் அம்மம்மா. அவ ஒருநாளும் அப்படிக் கதைத்ததில்லை. எனக்கு அது இன்னும் ஆறவில்லை.

இன்னொன்று. கொழும்பில் வேலைக்குப் போனபோது புத்தகத்தில் சிங்களம் படித்திருந்தேன். ‘மம யமி’ நான் போகிறேன், ‘அபி யமு’ நாங்கள் போகிறோம் என்று வாலோடுதான் இருந்தது. தெருவில் இறங்கினால் எல்லோருக்கும் ‘யனவா’தான். மம யனவா, அபி யனவா, எயா (அவர்) யனவா. எழுத்தில் வால் இருக்கிறது, பேச்சில் இல்லை. மலையாளக் கதையைப் படித்ததும் அதுதான் ஞாபகம் வந்தது.


திருச்சூர் மருமகள்:

வடமராட்சி அண்ணா, அடுத்த பதிப்பு வந்தால் அம்மம்மாவின் பேச்சை அப்படியே திரும்பப் போடச் சொல்லுங்கள். விடாதீர்கள்.

ஐயா சொன்ன ‘அவன் வரும்’ செய்தியை மாமியாரிடம் சொன்னேன். இரண்டு முறை கேட்டுக்கொண்டார், முகமெல்லாம் மலர்ந்துவிட்டது.

என் மகளுக்கு இப்போது நாலு வயது. என்னிடம் தமிழ், வீட்டில் மற்ற எல்லோரிடமும் மலையாளம். நேற்று சாயங்காலம் கோயிலிலிருந்து திரும்பிய மாமியார் கேட்டுக்கு வெளியே குடையை மடக்கிக்கொண்டிருந்தார். ஜன்னலில் நின்ற மகள், "அம்மா, அச்சம்ம வந்நாங்க!" என்று கத்தினாள். அவளை நான் திருத்தவில்லை. கதவைத் திறக்கப் போனேன்.